தாசில்தாரும் விளக்கு மீனும்

நான் வேலை பார்த்த தீவன ஆலையில் இப்போது ஒரு வெள்ளைப் பெட்டி வந்திருக்கிறது. மாதிரியை ஒரு கிண்ணத்தில் கொட்டி உள்ளே தள்ளினால் போதும். டீ ஆறுவதற்குள் புரதம், கொழுப்பு, ஈரம், சாம்பல் எல்லாவற்றையும் திரையில் காட்டிவிடுகிறது. ஆய்வகத்தில் என் இடத்தில் இருக்கும் பெண்கள் இருவரும் அதைப் பார்க்க வரும்படி போன் செய்தார்கள். ராஜபாளையத்தில் ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ் ஏறிப் போய்ப் பார்த்தேன். உண்மையிலேயே நல்ல பெட்டி.

"இது கண்டுபிடிக்க முடியாதது ஏதாவது இருக்கா மேடம்?" என்று ஒருத்தி கேட்டாள்.

"ஒண்ணு இருக்கு. அதைக் கண்டுபிடிக்க ஒரு நாயும் ஒரு மேனேஜரும் வேணும்" என்றேன்.

அதற்குப் பிறகு அவர்கள் என்னைப் பஸ் ஏறவிடவில்லை. கதை முழுவதையும் கேட்டுவிட்டு, எழுதித் தந்தே ஆக வேண்டும் என்றார்கள். அதனால் எழுதுகிறேன்.

நான் விலங்கியல் படித்தவள். ஆலையில் சேர்ந்த புதிதில் குப்பி கழுவினேன். அடுத்து அமிலம் ஊற்றக் கற்றுக்கொண்டேன். அமிலம் தெறித்து நல்ல சேலைகள் சல்லடையாகப் போனதும் சுடிதாருக்கு மாறினேன். என் பயிற்சிக் காலம் என்று சொல்ல வேறொன்றும் இல்லை. மிச்சத்தையெல்லாம் அருளானந்தம் சாரைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன்.

அருளானந்தம் சார் எங்கள் ஆலை மேனேஜர். தவிடும் மீன் தூளும் பறக்கிற இடத்தில் தினமும் வெள்ளைப் பேண்ட், வெள்ளைச் சட்டை போட்டு வருவார். எந்த மெஷின் எங்கே ஒழுகுகிறது என்பது தன் சட்டையைப் பார்த்தால் தெரியும் என்பார். யாரையும் திட்டமாட்டார். கோபம் வந்தால், "செத்த தண்ணி குடிங்க" என்பார், அவ்வளவுதான். அவர் தண்ணீர் குடிக்கச் சொன்னால் நாங்கள் நடுங்குவோம்.

மீன் தூள் லாரி வந்தால் அவர் சோதிக்கிற முறையே தனி. மேல் மூட்டையைத் தொடமாட்டார். நடுவிலிருந்து ஒரு மூட்டையை உருவச் சொல்லி, அதன் அடியிலிருந்து ஒரு பிடி எடுப்பார். இரண்டு உள்ளங்கைக்கும் நடுவில் வைத்துத் தேய்ப்பார். மணல் கலந்திருந்தால் கை சொல்லிவிடும். அடுத்து இடது மூக்கால் ஒரு தடவை, வலது மூக்கால் ஒரு தடவை மோந்து பார்ப்பார். "ரெண்டும் ஒத்துக்கிடணும் மல்லிகா. ஒண்ணு சரிங்குது, ஒண்ணு வேண்டாங்குதுன்னா லாரியைத் திருப்பிவிட்டுரணும்." கடைசியில் ஒரு சிட்டிகை நாக்கில் வைத்து, ஜெபம் செய்வதுபோலக் கண்ணை மூடிக்கொள்வார். துப்பமாட்டார். விழுங்கிவிட்டு, "நான் திங்காததைக் கோழிக்குப் போடமாட்டேன்" என்பார்.

அதற்குப் பிறகுதான் என் முறை. மாதிரியைக் கந்தக அமிலத்தில், கறுப்பு போய்ப் பச்சைக் கண்ணாடிபோலத் தெளியும்வரை கொதிக்கவிடுவேன். வடித்து, நைட்ரஜனை அளந்து, புரதம் கணக்கிடுவேன். கொழுப்புக்கு வேறு முறை. கரைப்பான் ஊற்றி, அதில் கரைந்து வருவதை எடை போட வேண்டும். நானும் சாரின் மூக்கும் ஒத்துப்போனால் லாரி உள்ளே வரும்.

அப்படிப் போய்க்கொண்டிருந்த நாளில் கடலில் மத்தி மீன் பிடிபடுவது குறைந்து, மீன் தூள் விலை ஏறியது. ஆலையில் இரண்டாவது ஷிப்டை நிறுத்தினார்கள். சேத்தூரிலிருந்து வந்துகொண்டிருந்த பெண்கள் பாதிப்பேர் வீட்டில் உட்கார்ந்துவிட்டார்கள். முதலாளி கோதண்டம், மீன் பிரிவையே மூடிவிடலாமா என்று கேட்க ஆரம்பித்தார்.

அந்தச் சமயம் தூத்துக்குடி தரகர் ஒருவர் தெர்மகோல் பெட்டியில் ஐஸ் போட்டுக் கொஞ்சம் மீன் அனுப்பினார். ஆழ்கடலில் இறாலுக்குப் போடும் வலையில் கூடவே ஏறிவருவது. யாரும் தின்பதில்லை என்று கடலிலேயே கொட்டிவிடுவார்களாம். தூளாக்கிக் கொடுத்தால் அடிமாட்டு விலைக்குக் கிடைக்கும் என்றார்.

நான் பெட்டியைத் திறந்து பார்த்தேன். விரல் நீளம்தான் இருந்தது. மழுங்கிய தலை, தலையில் பாதியை அடைத்துக்கொண்ட கண்கள். செதில் தொட்டால் உதிர்ந்தது. வயிற்றோரம் வரிசையாக வட்டப் புள்ளிகள்.

"என்னக்கா இது, சட்டைக்குப் பட்டன் வச்சுத் தச்ச மாதிரி இருக்கு?" என்றான் வேன் ஓட்டும் பரமன்.

எனக்கு மட்டும் கையெல்லாம் பரபரத்தது. கல்லூரியில் படத்தில் மட்டும் பார்த்த விளக்கு மீன் அது. அந்தப் பட்டன் ஒவ்வொன்றும் ஒரு விளக்கு. பகலெல்லாம் கடலின் இருட்டு ஆழத்தில் கிடக்கும். பொழுது சாய்ந்ததும் கூட்டம் கூட்டமாக மேலே வந்து, கண்ணுக்குத் தெரியாத சின்னப் பூச்சிகளைத் தின்றுவிட்டு விடிவதற்குள் இறங்கிவிடும். மேலேயிருந்து வரும் மங்கல் வெளிச்சத்தின் அளவுக்கே வயிற்று விளக்கையும் எரியவிடும். அதனால் கீழேயிருந்து பார்க்கும் பெரிய மீனுக்கு இதன் நிழல் தெரியாது. பல வகைகளில் வால் பக்கத்து விளக்கைப் பார்த்தே ஆண் எது பெண் எது என்று சொல்லிவிடலாம். அந்தக் காலத்தில் கப்பல்காரர்கள் ஒலியனுப்பி ஆழம் பார்த்தபோது, இந்தக் கூட்டத்தைக் கடல் தரை என்று நினைத்துவிட்டார்கள். அப்புறம் பார்த்தால் சாயங்காலம் தரை எழுந்து மேலே வருகிறது.

இதையெல்லாம் நான் சொல்லப்போக, முதலாளிக்கு விளக்கைப் பார்த்தே ஆக வேண்டும் என்று ஆசை வந்துவிட்டது.

ஆலையில் ஜன்னல் இல்லாத அறை வைட்டமின் கிடங்கு மட்டும்தான். மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு முதலாளி, சார், பரமன், நான் நாலு பேரும் ஒரு தட்டு மீனோடு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டோம்.

கொஞ்ச நேரத்தில் முதலாளி சொன்னார். "தெரியுது."

"எங்கே?"

"அந்தா, பச்சையா."

"அது தராசு லைட்டு முதலாளி" என்றான் பரமன்.

தராசை அணைத்தோம். இன்னும் கொஞ்ச நேரம் போனது. "இப்ப நீலமா வருது. அசையுது பாருங்க" என்றார் முதலாளி. அது பரமனின் சட்டைப்பையில் இருந்த போன். அதையும் அணைத்ததும் ஒன்றுமே தெரியவில்லை. யாரோ மீனை மிதித்தார்கள். செத்த மீனில் விளக்கு எரியாது என்பதை நான் முதலிலேயே சொல்லியிருந்தேன். அதை இருட்டில் இன்னொரு தடவை சொன்னேன்.

"அதைத் தின்னா நாய் ஒளிருமாக்கா?" என்று பரமன் கேட்டான்.

விளையாட்டாகக் கேட்ட கேள்விதான். ஆனால் முதலாளி அதில் ஒரு வியாபாரத்தைப் பார்த்துவிட்டார். எங்கள் ஊரில் வெள்ளை வேட்டைநாய்க்கு உள்ள மரியாதை தெரிந்ததுதானே. முதலாளியிடமும் ஒன்று இருந்தது. பெயர் தாசில்தார். குட்டியாக இருக்கும்போதே, எதிரே வந்தவர்களையெல்லாம் மனு கொண்டுவந்தவர்களைப்போலப் பார்த்ததாம். அதனால் வைத்த பெயர். வீட்டில் எல்லாரும் "தாசில்தார் சாப்பிட்டாச்சா?", "தாசில்தாரைக் கட்டிப்போட்டாச்சா?" என்று பேசிக்கொள்வார்கள். புதிதாக வருகிறவர்கள் கொஞ்சம் மிரள்வார்கள்.

ஸ்ரீவில்லிபுத்தூரில் நாய்க் கண்காட்சி வரவிருந்தது. அங்கே விளக்கு மீன் பிஸ்கட்டை இறக்குவது, நாய் வளர்ப்பவர்கள் ஆர்டர் கொடுத்தால் இரண்டாவது ஷிப்டைத் திரும்ப ஓட்டுவது என்று முடிவானது. சாரும் சம்மதித்தார். அவருக்கும் அந்த ஷிப்ட் பெண்களைப் பற்றிய கவலைதான்.

அந்தப் பெட்டி மீனையே காயவைத்து அரைத்து முதல் பிஸ்கட் போட்டோம். சார் தின்றார், தாசில்தாரும் தின்றது. இருவருக்கும் ஒன்றும் ஆகவில்லை. நாயின் ரோமம் மினுங்கியது. அது ஒளிர்கிறதா என்று பார்க்க முதலாளி வராந்தா விளக்கை அணைத்துவிட்டுச் செத்த நேரம் உட்கார்ந்திருந்ததாக அவர் வீட்டம்மா பிறகு சொன்னார்.

கண்காட்சிக்கு முன்பு தரகர் அனுப்பிய பெரிய சரக்கு தூளாகவே வந்தது. நிறம் கொஞ்சம் கறுப்பு. புரதம் நன்றாக இருந்தது. கொழுப்பு மட்டும் எதிர்பார்த்ததைவிட நிறையக் காட்டியது. திரும்பச் செய்தேன், அதே அளவு வந்தது. கெட்டுப்போயிருக்குமோ என்று காரலுக்கும் சோதித்தேன். காரல் இல்லை. சாரிடம் போனேன்.

"சார், கொழுப்புக் கூடுதலா இருக்கு."

அவர் ஒரு பிடி எடுத்து இரண்டு மூக்காலும் பார்த்தார். நாக்கில் வைத்துக் கண்ணை மூடினார். "ரெண்டும் ஒத்துக்கிடுது. கொழுப்புன்னா ரோமத்துக்கு நல்லதுதானே மல்லிகா?"

நானும் அப்படித்தான் நினைத்தேன். கையெழுத்துப் போட்டேன்.

கண்காட்சிக்கு முந்தின நாள் சாயங்காலம் தாசில்தாருக்குப் புது பிஸ்கட் தாராளமாகப் போட்டார்கள். சாரும் டீயோடு சாப்பிட்டார். காலையிலும் சாப்பிட்டார். இஞ்சி போட்டிருந்தால் நம் ஆட்களுக்கே விற்கலாம் என்றுகூடச் சொன்னார்.

ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு பள்ளி மைதானத்தில் பந்தல் போட்டிருந்தார்கள். எங்கள் கடையில் நல்ல கூட்டம். வத்திராயிருப்பு, சேத்தூர், வ. புதுப்பட்டி என்று எல்லா ஊர்க்காரர்களும் பாக்கெட் வாங்கிப் போனார்கள். மேடையில் சாருக்கும் ஒரு நாற்காலி கொடுத்தார்கள். அவர் மைக்கில் விளக்கு மீனைப் பற்றிப் பேசி, "நான் திங்காததை நாய்க்குப் போடமாட்டேன்" என்று சொல்லி எல்லார் முன்னாலும் ஒரு பிஸ்கட்டைக் கடித்தார். கைதட்டினார்கள். நான் பெருமையாக நின்றுகொண்டிருந்தேன்.

வெள்ளைத் துணி விரித்திருந்த களத்துக்குத் தாசில்தாரைக் கூட்டிவந்தார்கள். நடுவர் ஓய்வுபெற்ற கால்நடை மருத்துவர். பல்லைப் பார்த்தார், காதைப் பார்த்தார், தோளைத் தடவினார். எல்லாவற்றுக்கும் தலையசைத்துக்கொண்டே பின்பக்கம் போனவர் நின்றுவிட்டார். மைக்கை வாங்கினார்.

"இந்த இனத்து நாய் வெள்ளைன்னா வெள்ளையா இருக்கணும். இது பின்னாடி ஆரஞ்சா இருக்கு."

முதலாளி ஓடினார். "காலையில குளிப்பாட்டிக் கூட்டியாந்தேன் டாக்டர். யாரோ மஞ்சளைத் தடவிட்டாங்க."

"தடவலை. வந்துக்கிட்டிருக்கு" என்றார் நடுவர்.

நாய் உற்சாகமாகத்தான் நின்றது. வலியும் இல்லை, முக்கலும் இல்லை. வாலை ஆட்ட ஆட்ட, ஆரஞ்சு நிறத்தில் எண்ணெய் மட்டும் தெறித்தது. அதற்கே அது தெரிந்த மாதிரி இல்லை. மைக்கில் அறிவிப்புக் கேட்டது. "தாசில்தாரைத் தயவுசெய்து வெள்ளைத் துணியை விட்டு இறக்கவும்." பின்வரிசையில் விஷயம் தெரியாத சிலர் எழுந்து யாரை என்று பார்த்தார்கள்.

நான் மேடையைப் பார்த்தேன். அருளானந்தம் சார் நாற்காலியில் அசையாமல் உட்கார்ந்திருந்தார். முகம் மட்டும் மெதுவாக மாறியது. பரமனை அனுப்பி என்னைக் கூப்பிட்டார். போனேன்.

"மல்லிகா, அந்த நாய்க்கு வயித்து வலி இருக்கா?"

"இல்ல சார். தன்னால ஒழுகுது."

"வலிக்காதுதான்" என்றார். கொஞ்சம் பொறுத்து, "நான் இப்ப எந்திரிக்கக் கூடாது" என்றார்.

அவர் வெள்ளைப் பேண்ட் போட்டிருந்தார் என்பதைத் திரும்பச் சொல்லத் தேவையில்லை.

பொன்னாடை போர்த்த ஆள் வந்தது. சார் உட்கார்ந்தபடியே தலையைக் குனிந்து வாங்கிக்கொண்டார். மரியாதை தெரியாத மனுசர் என்று யாரோ முணுமுணுத்தார்கள். நினைவுப் பரிசையும் உட்கார்ந்தே வாங்கினார். கடைசியில் நாட்டுப்பண் போட்டார்கள். அதற்கு உட்கார்ந்திருக்க முடியாது. சார் பொன்னாடையைக் கழற்றினார். நிதானமாக இடுப்பில் சுற்றினார், முடிச்சுப் போட்டார், விறைப்பாக எழுந்து நின்றார். பாட்டு முடிகிறவரை கண்ணிமைக்கவில்லை. அவரிடம் நான் வேலை பார்த்த காலம் முழுவதிலும் அவரை அவ்வளவு கம்பீரமாகப் பார்த்ததில்லை.

வேனில் திரும்பும்போது நாலு பேரும், நாயும் இருந்தோம். எல்லா ஜன்னல்களும் திறந்திருந்தன. சார் என்னைப் பார்த்து ஒன்றுதான் சொன்னார்.

"செத்த தண்ணி குடிங்க மல்லிகா."

நேராக ஆய்வகத்துக்குப் போனேன். விஷமா, கிருமியா, கெட்ட எண்ணெயா என்று ஒவ்வொன்றாகத் தள்ளினேன். கால்நடை மருத்துவரும் நாய்க்கு நோய் எதுவும் இல்லை என்று போனில் சொல்லிவிட்டார். மிச்சம் இருந்தது அந்தக் கூடுதல் கொழுப்பு மட்டும்தான். அது எவ்வளவு என்று அளந்திருந்தேனே தவிர, என்ன என்று கேட்டிருக்கவில்லை. கரைப்பானில் எது கரைந்து வந்தாலும் அந்தச் சோதனைக்கு அது கொழுப்புதான்.

காஸ்டிக் பொட்டாஷை எரிசாராயத்தில் கரைத்து, தூளிலிருந்து எடுத்த எண்ணெயை அதில் கொதிக்கவிட்டேன். சாதாரண மீன் எண்ணெய் என்றால் எல்லாம் சோப்பாகிவிடும். தண்ணீர் ஊற்றினால் கலங்காமல் கரையும். நான் தண்ணீர் ஊற்றினேன். பாதி கரைந்தது. மீதி மேலே ஏறி, ஆடைபோல மிதந்தது. இன்னும் கொதிக்கவிட்டுப் பார்த்தேன். அப்போதும் அது மிதந்தது. சோப்பாக மாட்டேன் என்று அடம்பிடிக்கிற எண்ணெயை அதற்கு முன்பு நான் பார்த்ததில்லை.

மீன்வளம் படித்த என் தோழி ஒருத்தி தூத்துக்குடியில் ஆசிரியையாக இருந்தாள். அவளுக்குப் போன் போட்டேன். மிதந்ததைச் சொல்லி முடிப்பதற்குள் சிரித்துவிட்டாள்.

"அது மெழுகுடி. விளக்கு மீன்ல எத்தனையோ வகை இருக்கு. சிலதுல நல்ல எண்ணெய், சிலதுல மெழுகு எண்ணெய். தினமும் மேலயும் கீழயும் போய்வரணும்லா? காத்துப்பையை நம்புனா அம்புட்டு ஆழத்துல நசுங்கிரும். அதான் மெழுகைச் சேத்து வச்சு மிதக்குது. மீனுக்கு நல்லதுதான். நமக்குச் செரிக்காது. உள்ள போனது அப்படியே வழுக்கிக்கிட்டு வந்துரும். யாரு தின்னா?"

"ஒரு நாயும் எங்க மேனேஜரும்."

அவள் வெகுநேரம் போனை வைக்கவில்லை. சிரித்துக்கொண்டே இருந்தாள்.

முதல் பெட்டியில் வந்தது ஒரு வகை, தூளாக வந்த கறுப்பு வேறு வகை. தூளானால் எல்லா விளக்கும் ஒன்றுதானே. சாரிடம் சொன்னேன். அவர் வேறு பேண்ட் மாற்றி வந்திருந்தார். கறுப்புப் பேண்ட். "வித்த பாக்கெட் எல்லாத்தையும் திருப்பி வாங்கணும். இப்பமே கிளம்புவோம்" என்றார்.

பரமன் வேனை எடுத்தான். சேத்தூரில் வாசல் வாசலாக மன்னிப்புக் கேட்டோம். வத்திராயிருப்பில் ஒரு தோப்புக்காரர் வீட்டில் புது சோபாவுக்கு மேல் நாய் படுத்திருந்தது. அந்த அம்மா எங்களை உள்ளே கூப்பிடவில்லை. சோபாவைத் தூக்கி வெளியே கொண்டுவந்து காட்டினார்.

வ. புதுப்பட்டியில்தான் நாங்கள் எதிர்பார்க்காதது நடந்தது. அங்கே ஒரு மளிகைக் கடைக்காரர் பாக்கெட்டைத் தரமாட்டேன் என்றார்.

"எதுக்குத் திருப்பிக் கேக்கீய? எங்க ராணிக்கு மாசக்கணக்கா வயிறே போகலை. பாக்காத டாக்டர் இல்லை. உங்க பிஸ்கட்டைத் தின்னுச்சு, இன்னைக்கு மவராசியா ஓடுது. இன்னும் எம்புட்டு வச்சிருக்கீய? அம்புட்டையும் கொடுங்க."

சார் மெழுகு, மீன், காற்றுப்பை எல்லாவற்றையும் விளக்கினார். கடைக்காரர் பொறுமையாகக் கேட்டுவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"நாய்க்கு மட்டும்தானா, இல்ல மனுசருக்கும் கேக்குமா? என் மச்சினனுக்கு ஒரு நாலு வேணும்."

"செத்த தண்ணி குடிங்க" என்றார் சார்.

பரமன் இதை முதலாளியிடம் சொல்லாமல் இருந்திருக்கலாம். சொல்லிவிட்டான். மறுநாள் முதலாளி எங்களைக் கூப்பிட்டபோது அவர் கண்ணில் அந்த வியாபார வெளிச்சம் திரும்ப வந்திருந்தது.

"மூட்டை மூட்டையாக் கிடக்கு. வயிறு போகாத நாய்க்குன்னு பேர் போட்டு வித்துருவோம். மீன் பிரிவு பிழைச்சுக்கிடும்."

சார் பையிலிருந்து ஒரு பிஸ்கட்டை எடுத்து, முதலாளியின் டீ சாசரில் வைத்தார்.

"சாயங்காலம் ஸ்ரீவில்லிபுத்தூர்ல ரிசப்ஷனுக்குப் போறேன்னு சொன்னீங்கள்லா முதலாளி? பட்டு வேட்டிதானே? முதல்ல இதைச் சாப்பிடுங்க. பொறவு விப்போம்."

முதலாளி பிஸ்கட்டைப் பார்த்தார். அது சாதாரண பிஸ்கட் மாதிரிதான் இருந்தது. வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். டீயில் ஆடை கட்டியது.

"எடுத்துட்டுப் போங்க" என்றார்.

எடுத்துப் போனோம். ஆனால் சார் அதோடு விடவில்லை. தரகரிடம், இனிமேல் தூளாக அனுப்பக் கூடாது, காய்ந்த முழு மீனாகத்தான் வேண்டும் என்றார். அதை நான் வகை பார்த்துப் பிரிப்பேன். வயிற்று விளக்கின் வரிசையும் வால் பக்கத்துப் புள்ளியும் வகைக்கு வகை மாறும். சேத்தூர்ப் பெண்களுக்கு அதைக் காட்டிக்கொடுத்தேன். கொஞ்ச நாளில் அவர்கள் என்னைவிட வேகமாகப் பிரித்தார்கள். நல்ல வகை கோழித் தீவனத்துக்கும் நாய் பிஸ்கட்டுக்கும் போனது. மெழுகு வகையை வேகவைத்துப் பிழிந்து எண்ணெயை எடுத்தோம். மெழுகு எண்ணெய் சூட்டில் சீக்கிரம் கெடாது, இரும்பை வழுவழுப்பாக வைத்திருக்கும். அதனால் தீவனத்தைக் குருணையாக்கும் எங்கள் மெஷின்களின் சக்கரங்களுக்கு அதையே போட்டோம். மெஷின் பிரமாதமாக ஓடியது. அந்த வட்டாரத்துப் பூனைகள் எல்லாம் மெஷின் அறைக்குக் குடிவந்தன என்பது மட்டும்தான் குறை. பிரிக்க ஆள் வேண்டியிருந்ததால் இரண்டாவது ஷிப்ட் தானாகவே திரும்ப வந்தது.

மறுவருடக் கண்காட்சிக்கும் எங்களைக் கூப்பிட்டார்கள். எங்களை எப்படித்தான் கூப்பிட்டார்களோ என்று போனேன். அதே பள்ளி மைதானம், அதே நடுவர். தாசில்தார் களத்துக்கு வந்தபோது நடுவர் பல்லைப் பார்க்கவில்லை, காதைப் பார்க்கவில்லை. நேராகப் பின்பக்கம் போய் வெள்ளைக் கைக்குட்டையால் அழுத்தி ஒரு தடவை துடைத்தார். கைக்குட்டையை வெயிலில் உயர்த்திப் பிடித்துப் பார்த்தார். பிறகு முதல் பரிசைக் கொடுத்தார். முதலாளி அழுதுவிட்டார்.

மேடையில் இந்த முறை எனக்கும் இடம் போட்டிருந்தார்கள். எல்லா நாற்காலியும் ஒரே மாதிரி. எங்கள் இரண்டில் மட்டும் பழைய செய்தித்தாள் விரித்து வைத்திருந்தார்கள். நான் தயங்கினேன். வெள்ளைப் பேண்டுக்குத் திரும்பியிருந்த அருளானந்தம் சார் அதைக் குனிந்து பார்த்தார். தன் நாற்காலியிலிருந்த தாளை எடுத்து, ஒழுங்காக மடித்து, என் நாற்காலியில் இருந்த தாளுக்கு மேல் வைத்தார்.

"நீங்க ரெண்டாப் போட்டுக்கிடுங்க மல்லிகா" என்றார். "ரிப்போர்ட்ல கையெழுத்துப் போட்டது நீங்கதானே."